சமஸ்தானத்துத் துவையல்

புதுக்கோட்டையில் வீதிக்கு ஒருவராவது சமஸ்தானத்தார் இருப்பார். அரண்மனைக்கும் அவருக்கும் சொந்தபந்தம் எதுவும் இருக்காது. பெரும்பாலும் கருவூலத்திலோ கூட்டுறவுத் துறையிலோ கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவராக இருப்பார். ஆனாலும் 1948 மார்ச் 3-ஆம் தேதி புதுக்கோட்டை இந்தியாவோடு இணைந்ததை, பஸ்ஸில் யாரோ தன் பையில் கைவிட்டுப் பர்ஸை எடுத்துக்கொண்டு போனது போலத்தான் சொல்வார். அது நடந்து ஐந்து வருஷம் கழித்துத்தான் அவர் பிறந்தார் என்பதை மட்டும் யாரும் ஞாபகப்படுத்தக் கூடாது.

எங்கள் கீழ மூன்றாம் வீதிச் சமஸ்தானத்தாரை விடிகாலையில் புதுக்குளத்தைச் சுற்றி நடக்கும்போது பார்க்கலாம். பார்க்காமல் தப்புவது கஷ்டம். கூட நடப்பவர் சண்டிகர் வீதிகள் நேராக இருப்பதாகச் சொல்லிவிட்டால் போதும், நின்றுவிடுவார். “1878-லயே சேஷையா சாஸ்திரி இங்க திவானா வந்துட்டாருய்யா. ராஜவீதியப் போயி பாரு, நூல் புடிச்ச மாதிரி இருக்கும்.” ரூபாய் மதிப்புச் சரிந்ததாகப் பேப்பரில் வந்தால், “தனிக் காசு அடிச்ச ஊருய்யா இது” என்று அம்மன் காசில் ஆரம்பித்து, நவராத்திரிக்கு அரிசியும் காசும் தானம் கொடுத்ததில் தொடர்ந்து, திருக்கோகர்ணம் பிரகதாம்பாளில் வந்து முடிப்பார். அதற்குள் மற்றவர்கள் இரண்டு சுற்று முடித்திருப்பார்கள். இணைப்புக்குப் பிறகு 1974 ஜனவரியில் தனி மாவட்டம் ஆகும் வரைக்கும் இந்த ஊர் திருச்சி ஜில்லாவுக்குள் கிடந்தது. அதனாலேயே திருச்சிக்குப் போனால் இன்றுவரை அங்கே காபி குடிக்காமல் திரும்புகிறவர் அவர்.

இப்படிப்பட்டவரை மகள் மெல்பர்னுக்குக் கூப்பிட்டாள், பேரப்பிள்ளையைப் பார்த்துக்கொள்ள.

சாதாரணமாக வெளிநாடு போய்விட்டு வரும் அப்பாக்கள் ரோட்டின் சுத்தத்தைப் பற்றியும் குழாய்த் தண்ணீரை அப்படியே குடிப்பதைப் பற்றியும் பேசுவார்கள். நம்மவருக்கு மெல்பர்ன் என்பது ராஜாவுக்குப் பெண் கொடுத்த ஊர். 1915 ஆகஸ்டில் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அங்கேதான் மாலி ஃபிங்க் என்ற ஆஸ்திரேலியப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டார். வெள்ளைக்கார சர்க்கார் அவளை ராணி என்று ஒத்துக்கொள்ளவில்லை. இங்கே வந்த சில மாதத்திலேயே, கர்ப்பமாக இருந்தவளுக்கு யாரோ அரளி கொடுக்கப் பார்த்ததாகப் பேச்சும் எழுந்தது. இருவரும் ஊரைவிட்டுக் கிளம்பினார்கள். ஆஸ்திரேலியாவில் பிறந்த மகனுக்குப் பட்டம் கிடைக்கவில்லை. கடைசியில் பிரான்சின் தெற்குக் கரையில், கான் நகரத்தில் குடியிருந்தார்கள். ராஜா 1928-ல் பாரிசில் காலமானார். இதெல்லாம் ஊரில் பாதிப் பேருக்குத் தெரிந்த கதை. ஆனால் மாப்பிள்ளை வீட்டார் தோரணையில் மெல்பர்ன் வீதிகளில் நடந்தவர் இவர் ஒருவராகத்தான் இருப்பார்.

அந்த ஊரில் கிரேக்கர்கள் நிறைய. அவர்கள் வீட்டு வாசலில் நமக்கு வேம்பு மாதிரி ஒலிவ மரம் நிற்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளை சமையற்கட்டில் கறுப்பு ஒலிவக்காயைப் பூண்டோடு சேர்த்து அரைத்து, எலுமிச்சை பிழிந்து, ஒலிவ எண்ணெய் விட்டு ரொட்டியில் தடவிக் கொடுத்திருக்கிறார். இது எந்த ஊர்ப் பலகாரம் என்று மாமனார் கேட்க, பிரான்சின் தெற்குக் கரைக்காரர்கள் சாப்பிடுவது, 1880 வாக்கில் மார்செய் நகரத்துச் சமையல்காரர் ஒருவர் செய்தது என்று மாப்பிள்ளை பாவம் உண்மையைச் சொல்லிவிட்டார்.

தெற்குக் கரை! ராஜா இருந்தது தெற்குக் கரை. தெற்குக் கரையில் இதைச் சாப்பிடுகிறார்கள். ஆகவே ராஜா இதைச் சாப்பிட்டார். ஆகவே இது சமஸ்தானத்துச் சாப்பாடு.

இந்தக் கணக்கில் நடுவே ஒரு பெரிய ஓட்டை இருப்பதைப் புதுக்குளத்தில் ஒருவர் சுட்டிக்காட்டத்தான் செய்தார். “பின்ன, அங்க உக்காந்துக்கிட்டு இட்லியா தின்னாரு?” என்று ஓட்டை அடைக்கப்பட்டது.

ஊர் திரும்பிய மறுவாரமே ஏற்பாடு தொடங்கியது. உள்ளூர்க் கடையில் கிடைத்த ஒலிவக்காய் பீட்சாவுக்கு என்று வளையம் வளையமாக வெட்டியது. “ராஜா வளையமா சாப்பிட்டிருக்க மாட்டாரு” என்று, வேறு வழியில்லாமல் திருச்சிக்கே போய் (காபி குடிக்காமல்) இரண்டு பாட்டில் வாங்கி வந்தார். கொட்டை நீக்கியதா என்று பார்க்கவில்லை. வீட்டம்மா கண்ணாடியை மாட்டிக்கொண்டு பாட்டில் முதுகில் இருந்ததைப் படித்தார்.

“ஃபெரஸ் குளுக்கோனேட்னு போட்டிருக்கு. இது மகளுக்கு மாசமா இருக்கறப்ப குடுத்த இரும்புச்சத்து மாத்திரைல இருக்கறதுல்ல?”

“சத்துதானே, நல்லதுதானே.”

அடுத்த சிக்கல், மார்செய்க்காரர்கள் இதில் சேர்க்கும் கேப்பர். முள்செடி ஒன்றின் மொட்டை உப்பில் ஊறப்போட்டு வைப்பது. அது திருச்சியிலும் கிடைக்கவில்லை. நம் பக்கத்து வேலியோரங்களில் படரும் ஆதண்டை அந்தச் செடிக்கு ஒன்றுவிட்ட தங்கை. ஆதண்டங்காயை மோரில் போட்டு வற்றல் செய்கிற வீடுகள் இன்னும் இருக்கின்றன. வீட்டம்மா பரணிலிருந்து வற்றல் டப்பாவை இறக்கினார். மொட்டுக்குப் பதில் காய், உப்புக்குப் பதில் மோர் என்றாலும் உறவுமுறை விட்டுப்போகவில்லை என்று சமஸ்தானத்தார் அதை ஏற்றுக்கொண்டார். பிறகு நெத்திலி. மார்செய்க்காரர்கள் உப்பில் பதப்படுத்திய நெத்திலியையும் சேர்த்துத்தான் அரைப்பார்கள். அதற்கென்ன, ஜெகதாப்பட்டினத்திலிருந்து கருவாடு நம்மூர்ச் சந்தைக்கு வராத வாரம் ஏது?

“வெள்ளிக்கிழமை அம்மிகிட்ட கருவாட்டைக் கொண்டுவந்தீங்கன்னா, நான் திருக்கோகர்ணத்துலயே இருந்துக்குவேன்” என்றார் வீட்டம்மா. நெத்திலி ரத்தாயிற்று.

ஆம், அம்மி. மிக்சியில் சட்னி ஜாரில் போட்டால் இரண்டு நிமிஷத்தில் முடிகிற வேலை. ஆனால் அந்தக் கரையில் கல்லுரலில்தான் இடிப்பார்கள் என்று இவர் தெரிந்துகொண்டு வந்துவிட்டார். துணி துவைக்கும் கல்லுக்குப் பக்கத்தில் பத்து வருஷமாகக் கவிழ்ந்து கிடந்த அம்மி கழுவப்பட்டது. அரைப்பது யார் என்ற கேள்வி எழுந்தபோது வீட்டம்மா முழங்காலைத் தடவிக்கொண்டார். எனவே வேட்டியை மடித்துக்கட்டிக்கொண்டு சமஸ்தானமே குழவியைப் பிடித்தது.

ஒலிவக்காய் பருப்பு மாதிரி அடங்கி உட்கார்வதில்லை. எண்ணெய்ச் சத்து இருப்பதால் குழவிக்கு வழுக்கிக்கொண்டு போகும். முதல் தள்ளலில் நான்கு காய் துளசி மாடம் வரை போயின. கொட்டை நசுங்கி நறநற என்றது. உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் கொட்டை எடுத்தார். ஒரு மணி நேரம் ஆயிற்று. மரத்திலிருந்து பறித்த காய் வாயில் வைக்க முடியாத கசப்பு என்பதும், நாள்கணக்கில் உப்புநீரிலோ காரநீரிலோ ஊறின பிறகுதான் அது சாப்பிடும் பதத்துக்கு வரும் என்பதும் அவருக்குத் தெரியும். அதை எனக்கு விளக்கவும் செய்தார். விளக்கிக்கொண்டே, உப்புநீரில் ஊறி வந்த அந்தக் காய்க்குத் துவையல் பழக்கத்தில் இரண்டு ஸ்பூன் கல்லுப்பு போட்டார். ஏற்கெனவே ஆதண்டை வற்றலிலும் உப்பு இருந்தது.

இந்த இடத்தில் ஒன்று சொல்ல வேண்டும். சமஸ்தானத்தாருக்குச் சாப்பிடுவது முக்கியமே இல்லை. மெல்பர்னிலிருந்து அவர் கொண்டுவந்தது ஒரு பண்டத்தை அல்ல, பேசுவதற்கு ஒரு சாக்கை. பண்டம் நன்றாக இருந்தால் பேச்சுக்கு நேரம் குறையும் என்றுகூட அவருக்கு ஒரு பயம் இருப்பதாக எனக்குச் சந்தேகம்.

சுற்றுவட்டாரத்தில் ஆறு வீட்டுக்கு அழைப்பு போயிற்று. பேக்கரி ரொட்டியில் கறுப்பாகத் தடவி நீட்டினார். நம்மூர் பேக்கரி ரொட்டியில் ஒரு தித்திப்பு உண்டு. அந்தத் தித்திப்பும் இந்த உப்பும் வாயில் சந்தித்தபோது யாரும் எதுவும் பேசவில்லை. பேச முடியாததை ரசனை என்று எடுத்துக்கொண்டு, அவர் 1915-லிருந்து ஆரம்பித்தார். அரளி வரை வந்ததும் எதிர்வீட்டு டீச்சர் ரொட்டியை மெதுவாகத் தட்டில் வைத்துவிட்டார்.

எல்லோரும் போன பிறகு வீட்டம்மா வேலையைத் தொடங்கினார். உளுத்தம்பருப்பும் நாலு காய்ந்த மிளகாயும் வறுத்தார். அரை மூடி தேங்காயைத் துருவினார். உப்பை இழுக்க அதுதான் வழி. சுண்டைக்காய் அளவு புளி. எல்லாவற்றையும் மிக்சியில் போட்டு ஒரே சுற்று. அம்மி ஈரத்தோடு மறுபடியும் கவிழ்ந்து படுத்தது. சுடுசோற்றில் நல்லெண்ணெய் விட்டுப் பிசைந்தபோது, எள்ளுத் துவையலுக்கும் பிரண்டைத் துவையலுக்கும் நடுவே, லேசான துவர்ப்போடு ஏதோ ஒன்று வந்திருந்தது. நான் இரண்டு முறை வாங்கிச் சாப்பிட்டேன். மூன்றாம் முறை கேட்க வெட்கமாக இருந்தது.

மறுநாள் தண்ணி மோட்டாரைப் பார்க்க எலக்ட்ரீசியன் வந்தார். அறந்தாங்கிப் பக்கத்துக்காரர், சவூதியில் பல வருஷம் வேலை பார்த்துத் திரும்பியவர். அவருக்கும் ஒரு கிண்ணத்தில் துவையல் வந்தது. கூடவே மாலி ஃபிங்க்கும் வந்தாள். எலக்ட்ரீசியன் விரலால் தொட்டு நாக்கில் வைத்தார்.

“ஜைத்தூன்தானேய்யா?”

சமஸ்தானத்தார் நிமிர்ந்தார். “உனக்கெப்புடித் தெரியும்?”

“கேம்ப்ல காலைல குப்பூஸுக்கு இதுதானேய்யா. கறுப்பு, பச்சை ரெண்டையும் கடையில எடை போட்டுக் குடுப்பாங்க, நம்ம ஊறுகா மாதிரி. தின்னு தின்னு சலிச்சுப் போச்சு. எங்க ஊர்ல வீட்டுக்கு ஒரு ஆளு அங்கதானே இருக்கான், அத்தன பேருக்கும் தெரியும்.” பாட்டிலைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தார். “ஏமாத்திட்டாங்கய்யா ஒங்களை. மரத்துலயே பழுத்தது சுருங்கி, ஒண்ணு செவப்பா ஒண்ணு கறுப்பா இருக்கும். இப்புடி எல்லாம் ஒரே மாதிரி மினுமினுன்னு இருந்தா, அது பச்சைக் காயைக் கறுக்க வச்சது. இரும்பு உப்பப் போட்டு நிறத்தை நிறுத்தியிருப்பாங்க. ஆனா ஆத்தா அரைச்சது நல்லாருக்கு.”

உள்ளேயிருந்து ஆத்தாவின் இருமல் கேட்டது. இருமலா சிரிப்பா தெரியவில்லை.

கான் நகரத்து மாளிகையில் வெள்ளித் தட்டில் இருந்த பண்டம் லேபர் கேம்ப்பின் இரட்டைக் கட்டிலுக்கு வந்துவிட்டது. சமஸ்தானத்தார் கொஞ்ச நேரம் மோட்டாரையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தொண்டையைச் செருமினார்.

“தம்பி, அந்த சவூதில இப்ப யாரு ஆட்சி?”

“ராஜாதாங்கய்யா.”

“இப்பவுமா?”

“இப்பவும் ராஜாதாங்கய்யா.”

“அப்பச் சரி” என்று கிண்ணத்தை இன்னும் கொஞ்சம் அவர் பக்கம் நகர்த்தி வைத்தார்.