காந்தம் எங்கே வச்சிருக்கீங்க, சார்?

தியான் சந்தின் ஹாக்கி மட்டையை உடைத்துப் பார்த்தார்களாம், உள்ளே காந்தம் இருக்கிறதா என்று. ஹாலந்தில் நடந்தது என்பார்கள். எந்த வருஷம், யார் உடைத்தது என்று கேட்டால் 'காபி சாப்பிடலாமா' என்று பேச்சை மாற்றிவிடுவார்கள். ஐயா, அந்தக் காலத்துப் பந்து தோலும் தக்கையும். மட்டைக்குள் ஒரு இரும்புக்கடையையே வைத்தாலும் அது ஒட்டாது. கதை மட்டும் கெட்டியாக ஒட்டிக்கொண்டது.

சரி, பிறவி மேதையாவது உண்டா? அதுவும் கிடையாது. 1905-ல் அலகாபாத்தில் பிறந்த தியான் சிங்குக்குச் சின்ன வயதில் பிடித்தது குஸ்தி. 1922-ல் பட்டாளத்தில் சேரும்வரை சொல்லிக்கொள்கிற மாதிரி ஹாக்கி ஆடியதில்லை என்று அவரே எழுதியிருக்கிறார். மூன்று வயதுக் குழந்தையை கோச்சிங் கிளாஸில் தள்ளும் பெற்றோர்கள் இந்தப் பாராவைத் தாண்டிவிடலாம்.

பகலில் டியூட்டி. ஃப்ளட் லைட் என்கிற சமாசாரம் கிடையாது. நிலா வெளிச்சத்தில் தனியாகப் பந்தைத் தட்டிக்கொண்டிருந்தவரைப் பார்த்து, கூட இருந்த சிப்பாய்கள் 'சந்த்', அதாவது நிலா, என்று பெயர் வைத்தார்களாம். அமாவாசைக்கு லீவு போலிருக்கிறது.

1926-ல் ராணுவ டீமோடு நியூசிலாந்து போனார். நூறு கோலுக்கு மேல் அடித்தார். திரும்பி வந்ததும் சர்க்கார் புல்லரித்துப்போய் என்ன கொடுத்தது தெரியுமா? லான்ஸ் நாயக் பதவி. நூறு கோலுக்குச் சட்டைக் கையில் ஒரே ஒரு பட்டை!

1932, லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்ஸ். உலகமே பொருளாதார மந்தத்தில் இருந்தது. ஹாக்கிக்கு வந்தவை மொத்தம் மூன்றே டீம்கள்: இந்தியா, ஜப்பான், அமெரிக்கா. நம்மவர்கள் ஜப்பானை 11-1 என்று அனுப்பிவிட்டு, அமெரிக்காவை 24-1 என்று துவைத்துக் காயப்போட்டார்கள். அந்த ஒரு கோல் விழுந்தபோது நம்ம கோல்கீப்பர் போஸ்ட்டுக்குப் பின்னால் ஆட்டோகிராப் போட்டுக்கொண்டிருந்தார் என்று ஒரு கதை. பாவம் அமெரிக்கா, ஜப்பானிடமும் 9-2 என்று தோற்றது. ஆனாலும் வெண்கலப் பதக்கம் வாங்கிக்கொண்டுதான் போனது. மூன்றே பேர் எழுதிய பரீட்சையில் மூன்றாவது ரேங்க்.

அந்த 24-ல் தியான் சந்துடையது எட்டு. ஒருத்தரே எட்டு கோல் என்றால் யாருக்கும் தலை கனக்கும். ஆனால் அதே மேட்சில் தம்பி ரூப் சிங் அடித்தது பத்து. ஊருக்கு மந்திரவாதி, வீட்டில் செகண்ட் பிளேஸ்.

1936 பெர்லின் ஒலிம்பிக்ஸில் தியான் சந்த்தான் கேப்டன். போய் இறங்கியதும் பிராக்டிஸ் மேட்சில் ஜெர்மனியிடம் 4-1 என்று உதை. மந்திரவாதிகள் அலறியடித்துக்கொண்டு, 'உடனே ஆள் அனுப்புங்கள்' என்று இந்தியாவுக்குத் தந்தி அடித்தார்கள். தாரா என்பவர் விமானத்தில் வந்து சேர்ந்தார். காந்தம் வைத்திருப்பவர்கள் இப்படித் தந்தி அடிப்பார்களா?

அதே ஜெர்மனியோடு ஃபைனல், மழையால் ஒரு நாள் தள்ளி ஆகஸ்ட் 15-ல் நடந்தது. (ஆமாம், அதே தேதி. பதினொரு வருஷம் முன்கூட்டியே.) ஈரத் தரை. பாதி ஆட்டத்தில் 1-0 தான். கேப்டன் ஸ்பைக்ஸைக் கழற்றி எறிந்துவிட்டு இறங்கினார் என்கிறார்கள். முடிவு 8-1.

அப்புறம்தான் ஹிட்லர் கூப்பிட்டு, 'எங்க ராணுவத்துக்கு வந்துடு' என்றாராம். கர்னல் பதவி என்பார் ஒருவர், பீல்டு மார்ஷல் என்பார் இன்னொருவர். பிரிட்டிஷ் சர்க்கார் வருஷக்கணக்கில் தராத புரமோஷனை நம்ம டீக்கடை பெஞ்சு ஒரே மாலையில் கொடுத்துவிடுகிறது.

மனிதர் 1952-ல் சுயசரிதை எழுதினார். வெளியிட்டது நம்ம மெட்ராஸின் 'ஸ்போர்ட் அண்ட் பாஸ்டைம்' பத்திரிகை. தலைப்பு 'கோல்', அவ்வளவுதான். உள்ளே, நான் சாதாரண ஆள் என்கிறார். ஹீரோ இப்படி அடக்கமாக இருந்தால் நமக்குக் கட்டுப்படியாகுமா? நான்கு கை, நான்கு மட்டையோடு அவருக்கு வியன்னாவில் சிலையே இருக்கிறது என்று தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருகிறோம்.

வியன்னாக்காரர்களுக்குத்தான் இன்னும் விஷயம் தெரியாது.