கோப்பு அவர்களுக்கு மூட்டு வலியா?

பெறுநர்: என் நில வழக்கில் தோற்றும் தோற்காமல் வீற்றிருக்கும் துறை அவர்களின் திருச்சமூகம்.

பொருள்: தங்கள் தாமதத்தை மன்னிக்க அடியேன் தயங்குவது – விளக்கம் அளித்தல் – தொடர்பாக.

பார்வை: தங்கள் தாமத மன்னிப்பு மனுவும் பிரமாணப் பத்திரமும்.

ஐயா,

போன வாரம் மேஸ்திரி காம்பவுண்டுச் சுவருக்கு நூல் பிடித்துக்கொண்டிருந்த நேரம் பார்த்து கோர்ட் அமீனா வந்தார். கையெழுத்துப் போட்டு வாங்கிப் பார்த்தால் தங்கள் மேல்முறையீடு. தாமதம் நான்கு இலக்க நாட்கள். அதைக்கூடத் தாங்கிக்கொண்டேன். பிரமாணப் பத்திரத்தின் கடைசிப் பக்கத்தில், எதிர்மனுதாரர் தாமதத்தைச் சாக்காக வைத்து ஆதாயம் அடையப் பார்க்கிறார் என்று ஒரு வரி. எதிர்மனுதாரர் நான்தான். என்ன விஷயம் என்று மேஸ்திரி கேட்டார். வாசித்துக் காட்டினேன். நூலைச் சுருட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்.

தாமதத்துக்கான காரணத்தைப் பயபக்தியோடு படித்தேன். கோப்பு அவர்கள் பிரிவு எழுத்தர் மேசையிலிருந்து கண்காணிப்பாளர் மேசைக்கு எழுந்தருளியிருக்கிறார்கள். பிறகு சட்டக் கருத்துக்காக அரசு வழக்குரைஞர் அலுவலகம், ஒப்புதலுக்காகத் தலைமை அலுவலகம். நடுவே தேர்தல் பணி, அதிகாரி மாறுதல், பணியாளர் பற்றாக்குறை. முதல் இரண்டு மேசைகளுக்கும் நடுவே இருப்பது ஒரே ஒரு மாடிப்படி; நானே ஏறியிருக்கிறேன். கோப்பு அவர்களுக்கு மூட்டு வலி என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் தைலத்தோடு வந்திருப்பேனே!

முன்சீப் கோர்ட் தீர்ப்பின் மேல் அப்பீல் போக 30 நாள், ஹைகோர்ட்டுக்கு 90 நாள். தீர்ப்பு நகலுக்குக் காத்திருக்கும் நாட்களையும் கழித்துக்கொள்ளலாம். இதெல்லாம் முழங்கால் திடமாக உள்ளவர்களுக்கு எழுதிய சட்டம். தங்களைப் போன்றவர்களுக்காகத்தான் காலவரையறைச் சட்டத்தில் ஐந்தாம் பிரிவு இருக்கிறது. போதிய காரணம் காட்டினால் போதும். 1987-இல் சுப்ரீம் கோர்ட் அதற்குத் தாராளமாகப் பொருள் சொன்னது. ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் விளக்கம் கேட்பதென்றால் ஒவ்வொரு மணிக்கும், ஒவ்வொரு நொடிக்கும் கேட்பதா என்றும் வினவியது. அந்த வழக்கில் சர்க்காரின் தாமதம் எவ்வளவு தெரியுமா? நாலே நாள். அந்தக் கருணையை இழுத்து இழுத்து, கர்நாடக வீட்டுவசதி வாரியம் 3,966 நாள் கழித்து ஒரு சொத்து வழக்கில் இரண்டாம் மேல்முறையீடு போட்டது. ஹைகோர்ட்டும் மன்னித்தது. 2025-இல் சுப்ரீம் கோர்ட் அதை ரத்து செய்யும்வரை அந்தக் கோப்பு அவர்களும் எத்தனை படி ஏறினார்களோ.

தங்களுக்குச் சலுகை குறைவு என்று யாரும் சொல்லிவிட முடியாது. தங்கள் மேல் வழக்குப் போட இரண்டு மாத முன்னறிவிப்பு கொடுத்துக் காத்திருக்க வேண்டும், காத்திருந்தோம். பறிபோன நிலத்தை மீட்க எனக்கு 12 வருஷம்தான் கெடு, சர்க்காருக்கோ 30. அதற்கு மேலும் ஒரு மன்னிப்பு.

அப்பா வழக்கு நடக்கும்போதே போய்விட்டார். கருமாதி முடிந்த மறுநாள் வக்கீல் குமாஸ்தா போன் செய்தார். வாரிசைச் சேர்க்க 90 நாள்தான், விட்டால் வழக்கு தானாகவே அற்றுப்போகும் என்றார். மொட்டைத் தலையோடு தாலுகா ஆபீஸ் வரிசையில் நின்றேன். கெடுவுக்குள் சேர்ந்தேன். அன்று தங்கள் வக்கீல் இறப்புச் சான்றிதழை வாங்கி, தேதியை விரல் விட்டு எண்ணிப் பார்த்தார். ஒரு நாள் கூடியிருந்தால் விட்டிருப்பீர்களா? அப்பன் செத்தவனுக்கு இல்லாத தாமதம், சிவப்பு நாடா கட்டின காகிதத்துக்கு எப்படி ஐயா வந்தது?

மன்னிக்க வேண்டும், குரல் உயர்ந்துவிட்டது. கோப்பு அவர்கள் காதில் போட வேண்டாம். மூட்டு வலியோடு ரத்தக் கொதிப்பும் சேர்ந்தால் இன்னொரு பிரமாணப் பத்திரம் ஆகிவிடும்.

கோப்பு நகர்வது வேலை நடப்பதற்குச் சாட்சி என்று நம்பும் தங்கள் வெள்ளை உள்ளத்தை உலகம் புரிந்துகொள்ளவில்லை. 2012-இல் அஞ்சல் துறை 427 நாள் தாமதத்தோடு போனபோது, காலக்கெடு சர்க்காரையும் கட்டும் என்று சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. 2020-இல் 663 நாள் கழித்து வந்த மத்தியப் பிரதேச அரசுக்கு 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்து, பொறுப்பான அதிகாரிகளிடமே வசூலிக்கச் சொன்னது. அங்கேதான் சிக்கல். தங்கள் பத்திரத்தில் கோப்பு வந்தது, போனது, கிடந்தது, கண்டெடுக்கப்பட்டது. ஆள் மட்டும் யாரும் இல்லை.

ஆகவே ஒரே ஒரு விண்ணப்பம். எந்த மேசையில் எத்தனை நாள், அந்த நாற்காலியில் அப்போது இருந்தவர் யார் என்று ஒரு பட்டியலை அடுத்த வாய்தாவுக்குள் கோர்ட்டில் தாக்கல் செய்யுங்கள். என் எதிர்வாதுரை தயாராக இருக்கிறது. குறித்த தேதியில் காலையிலேயே வந்துவிடுவேன். பட்டியல் அன்றைக்குள் முடியாதென்றால் கவலை வேண்டாம், அதற்கும் ஒரு மன்னிப்பு மனு போடத் தங்களுக்குச் சொல்லித்தரவா வேண்டும்?

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படிதலுள்ள
எதிர்மனுதாரர்