மூன்று புனைபெயர்களும் ஒரு சாராய பாட்டிலும்

சிட்னி ஷெல்டன் என்றால் நமக்கு நினைவுக்கு வருவது, அட்டை கிழிந்து, யாரோ ஒருவரின் பெயர் முதல் பக்கத்தில் எழுதப்பட்டு, நடைபாதைக் கடையில் பாதி விலைக்குக் கிடைக்கும் தடித்த நாவல்தான். அந்த நாவல்களில் முதலாவது வந்தபோது மனிதருக்கு ஐம்பது வயது தாண்டிவிட்டது. அதற்கு முன்னால் சுமார் முப்பது வருடம் அவர் பார்த்தது வேறு உத்தியோகம். முதலாளி, நடிகர், தணிக்கைக்காரர் என்று ஆளாளுக்கு ஒரு பேனாவோடு வந்து அடித்துத் திருத்துகிற இடத்தில் உட்கார்ந்து கதை பண்ணுவது.

1917-ல் சிகாகோவில் பிறந்தவர். ஹாலிவுட்டுக்குப் போனதும் கிடைத்த வேலை, ஊரார் கதைகளைப் படித்து ஸ்டூடியோவுக்குச் சுருக்கம் எழுதித் தருவது. இரண்டாம் உலகப் போர் வந்தது. விமானம் ஓட்டப் பயிற்சி எடுத்தார். அவர் களம் காணும் முன்பே அந்தப் பிரிவைக் கலைத்துவிட்டார்கள். ஹிட்லர் பிழைத்தார். ஷெல்டன் நியூயார்க் போய், 1943-44-ல் பிராட்வேயில் மூன்று இசை நாடகங்களில் கைவைத்தார். ஒன்று ஓடியது. மற்ற இரண்டும் ஓடிப்போயின.

1947-ல் அடித்தது யோகம். ‘தி பேச்சிலர் அண்ட் தி பாபி-சாக்ஸர்’ என்ற படம். பள்ளிக்கூடப் பெண் ஒருத்திக்கு கேரி கிராண்ட் மேல் மயக்கம். அவளுடைய அக்கா நீதிபதி. மயக்கம் தெளியும்வரை அந்தப் பெண்ணோடு ஊர் சுற்ற வேண்டும் என்று கிராண்டுக்கு ஏற்பாடாகிறது. இன்றைக்கு இப்படி ஒரு யோசனையை எழுதினால் கதாசிரியர் மேலேயே வழக்குப் பாயும். அன்று ஆஸ்கர் பாய்ந்தது.

ஆஸ்கர் வாங்கிய எழுத்தாளருக்கு வழக்கமாக வரும் வியாதி ஷெல்டனுக்கும் வந்தது: ‘நாமே டைரக்ட் செய்தால் என்ன?’ 1953-ல் அதே கேரி கிராண்டை வைத்து ‘டிரீம் வைஃப்’ எடுத்தார். படம் படுத்தது. அடுத்தது 1957-ல் ‘தி பஸ்டர் கீட்டன் ஸ்டோரி’. மௌனப்பட மேதையின் வாழ்க்கை வரலாறு. கீட்டன் உயிரோடு, ஆலோசகராகப் பக்கத்திலேயே இருந்தார். ஆனாலும் வாழ்க்கை வேறு, வரலாறு வேறு என்று ஓடியது படம். நிஜத்தில் மூன்று கல்யாணம் செய்துகொண்டவருக்குப் படத்தில் ஒரு கற்பனை மனைவியைக் கட்டிவைத்தார்கள். எழுத்து, தயாரிப்பு, இயக்கம் எல்லாவற்றிலும் ஷெல்டன் பெயர் இருந்ததால், திட்டு வாங்கும்போது பங்காளிகள் அதிகம் சேரவில்லை. கீட்டனுக்கு மட்டும் 50,000 டாலர் கிடைத்தது. அதில் அவர் வீடு வாங்கி, கொல்லையில் கோழி வளர்த்தார். அந்தப் படத்தால் நன்மை அடைந்தவர்கள் அவரும் அந்தக் கோழிகளும்தான்.

சினிமா கைவிட்டவர்களைத் தத்தெடுக்க அப்போது தொலைக்காட்சி இருந்தது. 1963-ல் ‘தி பேட்டி டியூக் ஷோ’ தொடங்கியது. பதினாறு வயதுப் பெண் பேட்டி டியூக்குக்கு டபுள் ஆக்டிங். அக்கா தங்கை இல்லை, பெரியப்பா சித்தப்பா மக்கள்! அப்பாக்கள் இரட்டையர்கள், அதனால் பெண்களும் அச்சு அசலாம். கோடம்பாக்கமே கொஞ்சம் யோசித்திருக்கும். குழந்தைத் தொழிலாளர் சட்டம் கலிபோர்னியாவில் கெடுபிடியாக இருந்ததால் படப்பிடிப்பை நியூயார்க்கில் வைத்துக்கொண்டார்கள். எபிசோடுகளில் பெரும்பாலானவற்றை ஷெல்டனே எழுதித் தள்ளினார்.

அடுத்து 1965-ல் ‘ஐ டிரீம் ஆஃப் ஜீனி’. விண்வெளி வீரர் ஒருவர் கடற்கரையில் ஒரு பாட்டிலைத் திறக்கிறார், உள்ளேயிருந்து ஓர் அழகி. திரையில் வந்த அந்த மாய பாட்டில் உண்மையில் ஜிம் பீம் கம்பெனி கிறிஸ்துமஸுக்கு விற்ற விஸ்கி பாட்டில். அதைத் திறந்தால் பெண் தெரிவது இயல்புதானே! இந்த யோசனைக்கு விதை போட்டது ‘தி பிராஸ் பாட்டில்’ என்ற 1964-ம் வருடப் படம். அதே விதை நம் ஊருக்கும் வந்து, ஜாவர் சீதாராமன் கைபட்டு 1967-ல் ‘பட்டணத்தில் பூதம்’ ஆனது. அமெரிக்க பாட்டிலில் பார்பரா ஈடன் வந்தார். நம் ஜாடியில் ஜாவரே வந்தார். அவரவர் கொடுப்பினை.

பூதத்தை அடைத்தது பாட்டில், ஷெல்டனை அடைத்தது தொடரை ஒளிபரப்பிய என்பிசி. ஜீனியின் தொப்புள் தெரியக் கூடாது என்பது அங்கே கறாரான விதி. ஆண்மகன் வீட்டில் ஒரு பெண் மனைவியாக இல்லாமல் வருஷக்கணக்கில் தங்கலாம், ‘எஜமானே’ என்று கூப்பிடலாம், தொப்புள் மட்டும் ஆகாது. முதல் வருடம் கறுப்பு-வெள்ளையில் எடுத்தார்கள். தொடர் தேறாது என்ற நம்பிக்கை அவ்வளவு! எபிசோடுக்கு 400 டாலரை என் கையிலிருந்து போடுகிறேன், கலரில் எடுங்கள் என்று கேட்டதாக ஷெல்டன் தன் நினைவுக் குறிப்பில் சொல்கிறார். காசை வீணாக்காதே என்று அறிவுரை வந்ததாம். தேறாத தொடர் ஐந்து வருடம், 139 எபிசோடு போனது. அவற்றில் இவர் எழுதியது அளவுக்கு மீறியதால், டைட்டிலில் தன் பெயரையே திரும்பத் திரும்பப் பார்க்கக் கூசி, மூன்று புனைபெயர்களை வைத்துக்கொண்டார். தயாரிப்பாளர் ஷெல்டன் நான்கு எழுத்தாளர்களை வேலை வாங்கினார், நால்வரும் அவரே.

ஐந்தாவது வருடம் ஜீனிக்குக் கல்யாணம் செய்து வைக்கச் சொன்னார்கள். கல்யாணமானால் கதை முடிந்தது என்று ஷெல்டன் மறுத்துப் பார்த்தார். தாலி ஏறியது, 1970-ல் தொடரும் முடிந்தது.

அதே வருடம் வந்தது முதல் நாவல், ‘தி நேக்கட் ஃபேஸ்’. தன்னைக் கொல்லப் பார்ப்பது யார் என்று தெரியாமல் தவிக்கும் மனநல மருத்துவரின் கதை. எல்லாம் அவர் மண்டைக்குள் நடப்பதால் கேமராவுக்கு அங்கே இடமில்லை. காகிதத்தில் வேறு ஒரு சௌகரியமும் இருந்தது. எத்தனை ஆயிரம் பேரை வேண்டுமானாலும் கூட்டத்தில் நிறுத்தலாம், யாருக்கும் பேட்டா தர வேண்டாம். பாரிசில் காலைச் சாப்பாடு, ஏதென்ஸில் கொலை, எதற்கும் டிக்கெட் போட வேண்டாம். தொப்புள் பார்க்க ஆபீசர் வர மாட்டார். ஷெல்டன் செயலாளரை எதிரே உட்காரவைத்து, வாயாலேயே நாவலைச் சொல்லிக்கொண்டு போனார். அவர் நாவல்கள் எல்லாம் சேர்ந்து உலகம் முழுக்க விற்றது 30 கோடிப் பிரதிகளுக்கு மேல்.

பிறகு தொலைக்காட்சிக்காரர்கள் அந்த நாவல்களைத் தேடி வந்தார்கள். ‘ரேஜ் ஆஃப் ஏஞ்சல்ஸ்’ 1983-ல் குறுந்தொடராக வந்தது. திரைக்கதை எழுதும் தலைவலி இந்த முறை வேறொருவருக்கு. ஒளிபரப்பியது அதே என்பிசி. கலருக்கு ஷெல்டன் 400 டாலர் நீட்ட வேண்டியிருக்கவில்லை.