இலை போட்டாச்சு, எழுந்திரு

தமிழக அரசின் முத்திரையில் இருப்பது ஸ்ரீவில்லிபுத்தூர்க் கோபுரம் என்பதில் எங்கள் பக்கத்துக்காரர்களுக்குத் தனிப் பெருமை. அது மீனாட்சியம்மன் கோபுரம்தான் என்று மதுரைக்காரர்கள் மல்லுக்கு நிற்பார்கள், நிற்கட்டும். எங்கள் வயிற்றெரிச்சல் வேறு. அந்தக் கோபுரம் அச்சடித்த பணி நியமன ஆணைதான், கோபுரத்தடியில் குடியிருப்பவர்களுக்கு வந்து சேரமாட்டேன் என்கிறது.

2013 ஆகஸ்டில் ஆசிரியர் தகுதித் தேர்வு எழுதித் தேறியவர்களைச் சொல்கிறேன். ராஜபாளையத்து மில்லில் கணக்கெழுதுகிறார்கள், சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணி மடிக்கிறார்கள். வீட்டுப் பீரோவில் ஒரு பிளாஸ்டிக் ஃபைல் இருக்கும்: தகுதிச் சான்று, சாதிச் சான்று, வேலைவாய்ப்பு அட்டை, பச்சை மை கையெழுத்து வாங்கிய ஜெராக்ஸ்கள். எல்லாம் சரிபார்த்தாகிவிட்டது. வீட்டுக்குப் போய் லெட்டருக்குக் காத்திருக்க வேண்டியதுதான் பாக்கி.

வந்தவை லெட்டர்கள் அல்ல, அரசாணைகள். 2014 பிப்ரவரியில், எழுதி முடித்த தேர்வுக்கே தேர்ச்சி மதிப்பெண் இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 90 என்பது 82 ஆயிற்று. மே மாதம் புது வெயிட்டேஜ்: பிளஸ் டூவுக்கு 10, டிகிரிக்கு 15, பி.எட்.டுக்கு 15, தகுதித் தேர்வுக்கு 60. மார்க்கைச் சொட்டுச் சொட்டாகப் போட்ட காலத்தில் பிளஸ் டூ எழுதியவர்கள் அங்கேயே அடிபட்டார்கள். 2016ல் உச்ச நீதிமன்றமும் இந்த மாற்றங்களுக்குச் சரி என்றது. 2018ல் அரசாணை 149: தகுதி இருக்கிறது, சந்தோஷம், வேலைக்கு இன்னொரு போட்டித் தேர்வு எழுது! அதை எதிர்த்து முழங்கிய தி.மு.க., 2013 ஆட்களுக்கு வேலை என்று 2021 தேர்தலில் வாக்குக் கொடுத்தது. ஆட்சிக்கு வந்த பின், 2024 பிப்ரவரி 4 அன்று அதே 149ன்படி பரீட்சை வைத்தது.

கோர்ட்டுக்குப் போகலாமே என்பீர்கள். மாவட்ட நீதிமன்றமே ஸ்ரீவில்லிபுத்தூரில்தான் இருக்கிறது. ரிட் மனுவுக்கு மட்டும் மதுரைக்கு பஸ் ஏற வேண்டும். அங்கே அரசு வக்கீல் 1991ன் சங்கர்சன் தாஸ் தீர்ப்பை எடுத்து வைப்பார். பட்டியலில் பெயர் வந்ததாலேயே நியமனம் கேட்கும் அசைக்க முடியாத உரிமை வந்துவிடாது என்றது அதில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு. பந்தியில் உட்காரவைத்து இலை போட்டது சோற்றுக்கு உத்தரவாதமல்ல, அவ்வளவுதான். காத்திருப்புப் பட்டியல்காரர் நிலைமை இன்னும் மோசம். முன்னால் உட்கார்ந்தவர் சாப்பிடாமல் எழுந்து போனால்தான் அவருக்கு இலை. பின்னால் வரும் காலியிடங்களுக்கு அந்தப் பட்டியலை நீட்ட முடியாது என்று 1994ல் குஜராத் பொறியாளர்கள் வழக்கில் சொல்லியாகிவிட்டது.

ஆனால் அதே சங்கர்சன் தாஸ் தீர்ப்பு இன்னொன்றும் சொல்கிறது: அதற்காக அரசு இஷ்டத்துக்கு ஆட முடியாது, இடத்தை நிரப்பாமல் விட நேர்மையான, தகுந்த காரணம் வேண்டும். தேர்வு நடைமுறை தொடங்கிய பின் விதிகளை இடையில் மாற்றக் கூடாது என்று 2024 நவம்பரில் தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கில் இன்னொரு ஐந்து நீதிபதிகள் அமர்வும் சொன்னது. அரசுத் தரப்புக்கு முதல் பாதி மனப்பாடம். இரண்டாம் பாதிக்கு வரும்போது கண்ணாடியைக் காணோம்.

சரி, காரணத்தைத்தான் சொல்லுங்களேன். காலியிடம் இல்லையா? இருந்ததே! 2022ல் அந்தக் காலியிடங்களுக்குத்தானே பள்ளி மேலாண்மைக் குழுக்கள் மூலம் தற்காலிக ஆசிரியர்களைப் பிடித்தீர்கள்? மாதம் இடைநிலைக்கு 7,500 ரூபாய், பட்டதாரிக்கு 10,000, முதுநிலைக்கு 12,000. வகுப்பறைக்கு ஆள் வேண்டும், பிள்ளைகளுக்குப் பாடம் வேண்டும், தேர்ச்சி விகிதம் வேண்டும். சம்பளமும் பணிப் பாதுகாப்பும்தான் வேண்டாம். கரும்பலகையில் எழுதுகிற கைக்கு, வருகைப் பதிவேட்டில் நிரந்தரமாகக் கையெழுத்துப் போட மட்டும் தகுதி போதவில்லை.

கருணையே இல்லை என்றும் சொல்லிவிட முடியாது. 2023ல் போராட்டம் முற்றியதும் ஆசிரியர் நியமனத்துக்கான உச்ச வயதைப் பொதுப் பிரிவுக்கு 53, மற்றவர்களுக்கு 58 என்று உயர்த்தினார்கள். ஓய்வு பெறும் வயது 60. ஆகவே 2013 தோழர்கள் மனம் தளர வேண்டாம். 58ல் ஆணை வந்தால், பணியேற்புக்குப் போட்ட மாலை வாடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். பிரிவுபசார விழாவுக்கும் அதையே போட்டுவிடலாம், அரசுக்கு மாலைச் செலவாவது மிச்சம்.