பீரோவைத் திறந்தால்...

கேள்வி: பீரோ மூடவே மாட்டேன் என்கிறது. துணிமணியைக் குறைத்து எளிமையாக வாழலாம் என்றால் மனைவி முறைக்கிறார். எங்கிருந்து ஆரம்பிப்பது?
*(ஒரு வாசகர், தஞ்சாவூர்)*

பதில்: உங்கள் தட்டிலிருந்து! ‘இளைத்ததும் போட்டுக்கொள்ளலாம்’ என்று மடித்து வைத்திருக்கும் அந்தப் பேன்ட், கல்யாண வரவேற்புக்குப் பிறகு அந்துருண்டையை மட்டுமே பார்த்திருக்கும் கோட்டு... இரண்டையும் எடுத்தாலே கதவு பாதி மூடிவிடும்.

கதர் வாங்கக் காசில்லாத ஏழைகளை நினைத்து, காந்தி 1921 செப்டம்பர் 22 அன்று மதுரை மேலமாசி வீதியில் அரையாடைக்கு மாறினார். அன்று அவர் குறைத்துக்கொண்டது தன் உடையைத்தான். கஸ்தூர்பாவின் சேலையை அல்ல.

ஒன்று மட்டும்: யாருக்காவது கொடுப்பதாக இருந்தால் துவைத்து, அறுந்த பட்டனைத் தைத்துக் கொடுங்கள். கிழிசலைத் தானம் என்று தள்ளிவிடாதீர்கள்.