டாலரன்ஸ் 2 சென்டிமீட்டர்

திருப்பூர் பனியன் கம்பெனியில் கண்ணளவுக்கு மரியாதை கிடையாது. செக்கிங் டேபிளில் உட்கார்ந்துகொண்டு, "சைஸ் சரியாத்தான் தெரியுதுங்க" என்று சொன்னால் சூப்பர்வைசர் டேப்பைத் தூக்கி மடியில் போடுவார். அதே மனிதர் என்னைப் பத்தடி தள்ளி நின்று பார்த்துவிட்டு, "ஏனம்மிணி, ஆறு மாசங்கறே, வயித்தையே காணோம்?" என்றார்.

டீ டைமில் முழு இன்ஸ்பெக்‌ஷன். ஓவர்லாக் அக்காவுக்கு வளர்ச்சி பத்தவில்லை. களி தின்னச் சொன்னார். பிசிறு வெட்டுகிற பெரியம்மா, "வயிறு பரந்து கெடக்குது, பொட்டப்புள்ளதான்" என்று தீர்ப்பே எழுதிவிட்டார். ஸ்கேன் பார்க்கிற டாக்டர் இதைச் சொன்னால் 1994-ம் வருஷத்துச் சட்டப்படி 3 வருஷம் வரை உள்ளே போகவேண்டும். பெரியம்மாவை எந்தச் சட்டமும் தொடாது. அயர்னிங்கில் இருக்கும் ஒடிசாப் பெண் மட்டும் கையை உருண்டையாகக் காட்டிச் சிரித்தாள். பெரிசு என்றாளா, சிறிசு என்றாளா, தெரியவில்லை.

செக்கப்பில் டாக்டரம்மா டிராயரைத் திறந்ததும் எனக்குத் தெம்பு வந்தது. உள்ளே இருந்தது எங்கள் டேப்! ஒரு முனை அடிவயிற்று எலும்பில், மறுமுனை கர்ப்பப்பையின் உச்சியில். "24 வாரம், 23 சென்டிமீட்டர். நல்லா இருக்கு." 20 வாரம் தாண்டினால் வாரக் கணக்கும் சென்டிமீட்டர் கணக்கும் ஏறக்குறைய ஒன்றாம், 2 கூடலாம், 2 குறையலாம். நெஞ்சளவுக்கு 1 சென்டிமீட்டர் விட்டுத்தர மூக்கால் அழுகிற பையர்கள் இந்தம்மாவிடம் பாடம் படிக்கலாம்.

முதல் பிள்ளைக்கு வயிற்றுத் தசை இறுக்கமாக இருப்பதால் வயிறு மெதுவாகத்தான் தள்ளுமாம். ஸ்கேனிலும் தராசு ஏதுமில்லை. தலைச்சுற்றளவு, வயிற்றுச்சுற்றளவு, தொடை எலும்பு நீளம் எல்லாம் எடுத்து, 650 கிராம் என்று போட்டிருந்தார்கள். துணியை வெட்டுவதற்கு முன்பே பீஸ் வெயிட் சொல்லும் எங்கள் மெர்ச்சண்டைசர் வேலையேதான். பத்து சதவீதத்துக்கு மேலும் முன்னேபின்னே வருமாம்.

மறுநாள் இதையெல்லாம் விளக்கினேன். பெரியம்மா நம்பவில்லை. டேப்பை வாங்கி, இடுப்பளவு எடுப்பதுபோல வயிற்றைச் சுற்றிப் போட்டார்.

"98!"

"98 வாரமா?" என்றார் சூப்பர்வைசர்.

"ஆனைக்கே 22 மாசந்தானுங்க" என்றேன்.