மாப்பிள்ளைக்கு ருசிக்கலையாம்!

போன சனிக்கிழமை ஒரு ஜெர்மன் நகைச்சுவைப் படம் பார்த்தோம். 2009இல் வந்தது. பெயர் 'மரியா, இம் ஷ்மெக்ட்ஸ் நிஷ்ட்!' அதாவது, 'மரியா, அவனுக்கு ருசிக்கலையாம்!' யான் வைலரின் புத்தகத்தை நேலே லேயானா ஃபோல்மார் படமாக்கியிருக்கிறார். ஜெர்மனிக்குப் பிழைக்க வந்த இத்தாலியர், மகள் கல்யாணத்தைத் தன் சொந்த ஊரில்தான் நடத்துவேன் என்று அடம்பிடிக்கிறார். ஜெர்மன் மாப்பிள்ளை அந்த ஊர்ச் சொந்தபந்தங்களிடம் மாட்டிக்கொண்டு முழிக்கிறான். நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். மனைவி சிரிக்கவில்லை.

"ஏங்க, அந்தப் பையனாச்சும் வேற நாட்டுக்குப் போனான்" என்றாள்.

நான் ஈப்போ புந்தோங்கில் பிறந்தவன். பெண் எடுத்தது பாகான் டத்தோவில். இரண்டும் மலேசியாவின் பேராக் மாநிலம்தான். பாகான் டத்தோ தனி மாவட்டமானது 2017இல். எனக்கு அது கல்யாணமான மறுநாளே தனி நாடு.

முதல் நாள் காலை அத்தை கேட்டார்: "மாப்பிள்ளை, பசியாறிட்டீங்களா?"

எங்கள் தெருவில் இது வணக்கம் மாதிரி. கேட்பவரும் பதிலுக்குக் காத்திருக்க மாட்டார். "ஆச்சுங்க அத்தை" என்று சொல்லிவிட்டேன். விடியற்காலையிலிருந்து ஆப்பம் சுட்டு அடுக்கியிருந்தவர் ஒன்றும் பேசாமல் உள்ளே போனார். சற்று நேரத்தில் அடுப்படியிலிருந்து குரல் வந்தது: "டவுன்காரருக்கு நம்ம சாப்பாடு ருசிக்காதாம்!"

பழியைத் துடைக்க உட்கார்ந்தேன். ஆப்பத்துக்குத் தேங்காய்ப்பால், புட்டுக்குத் தேங்காய்ப்பூ, மீன்குழம்பிலும் தேங்காய். சுற்றிலும் தென்னந்தோப்பு உள்ள ஊரில் வேறென்ன கிடைக்கும்? ஏழாவது ஆப்பத்தில் "போதும்" என்றேன். 'போதும்' என்றால் 'கூச்சப்படுகிறேன், இன்னும் இரண்டு வையுங்கள்' என்று அங்கே அர்த்தமாம். யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை.

அசைய முடியாமல் வாசலுக்கு வந்தால், மண்ணில் நட்ட கூர்க்கம்பியில் மச்சான் தேங்காய் உரித்துக்கொண்டிருந்தான். குத்து, ஒரு திருகு, மட்டை தனி, காய் தனி. "மச்சான், நீங்களும் ஒண்ணு உரிங்களேன்" என்றான். வீரம் வந்தது. அரை மணி நேரம் போராடினேன். காய்க்கு ஒன்றும் ஆகவில்லை. என் புது வேட்டிதான் கம்பியில் உரிந்தது.

இந்தப் பக்கத்து ஜெண்டராட்டா தோட்டத்தை 1906இல் தொடங்கிய ஓகே வெஸ்டென்ஹோல்ஸ் டென்மார்க்காரர். அத்தனை கடல் தாண்டி வந்தவருக்கே இந்த மண் ஒத்துப்போயிருக்கிறது. அவருக்கு இங்கே மாமியார் வீடு இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும்.

இந்தத் தீபாவளிக்கும் அங்கேதான் போகிறோம். காய் உரிப்பவள் என் மனைவி. எண்ணிச் சாக்கில் போடுவது நான்.